சென் காலன் மடத்துக்கு ஆங்கிலோ-சாக்சன் எழுத்து வந்த வழி

கேள்வி

கி.பி. 7, 8ஆம் நூற்றாண்டுகளில் இங்கிலாந்தில் உருவான சில நூல்களும் குறிப்புகளும் அந்த நாட்டிலேயே அழிந்துவிட்டன, அல்லது மிகப் பிற்காலப் பிரதிகளாகவே மிஞ்சியுள்ளன. அவற்றின் மிகப் பழைய சான்றுகள் சுவிட்சர்லாந்தின் கிழக்குப் பகுதியில், போடன் ஏரிக்குத் தெற்கே இருக்கும் சென் காலன் மடத்து நூலகத்தோடு தொடர்புடையனவாக இருக்கின்றன. அவை யார் கையால், எந்த வழியாக அங்கே போய்ச் சேர்ந்தன? ஆங்கிலோ-சாக்சன் வரலாற்றையும் இலக்கியத்தையும் ஆராய்பவர்கள் நூறாண்டுக்கு மேலாக இதற்கு வெவ்வேறு விடைகளைச் சொல்லி வருகிறார்கள்.

விடைகளைப் பார்க்குமுன் இடத்தைப் பற்றிச் சில செய்திகள். கொலும்பானுஸ் என்ற அயர்லாந்துத் துறவியின் குழுவில் வந்த காலுஸ், 612ஆம் ஆண்டளவில் இங்கே குடில் அமைத்துத் தங்கினார். அந்த இடத்தில் 719இல் ஓட்மார் முறையான மடத்தை நிறுவினார். மடம் 1805இல் கலைக்கப்பட்டது, நூலகம் கலையவில்லை. மடத்து வளாகம் 1983இல் யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. ஏறத்தாழ 2,100 கையெழுத்துச் சுவடிகள் அங்கே உள்ளன. அவற்றில் சுமார் 400, ஆயிரமாம் ஆண்டுக்கு முற்பட்டவை.

துறையின் பெயர் பற்றியும் ஒரு குறிப்பு தேவை. இத்துறையின் பன்னாட்டுக் கழகம் இனவாதப் பயன்பாட்டின் சுமையைக் காரணம் காட்டிய உறுப்பினர்களின் விவாதத்துக்குப் பின், 2019இல் தன் பெயரிலிருந்து ‘ஆங்கிலோ-சாக்சன்’ என்ற சொல்லை நீக்கி, ‘தொடக்க இடைக்கால இங்கிலாந்து’ என்பதை ஏற்றது. அந்த விவாதம் முடியவில்லை. இக்கட்டுரை பழைய பெயரை, நார்மன் வெற்றிக்கு முற்பட்ட ஆங்கிலம் பேசிய மக்களைக் குறிக்கும் வரலாற்றுச் சொல்லாக மட்டும் பயன்படுத்துகிறது.

கையில் உள்ள சான்றுகள்

முதல் சான்று சுவடி எண் 567. இங்கிலாந்துக்கு அகஸ்டீனைச் சமயப் பணிக்கு அனுப்பிய போப் முதலாம் கிரெகரியின் வரலாறு அதில் இருக்கிறது. வட இங்கிலாந்தின் விட்பி மடத்தில், 704க்கும் 714க்கும் இடையில் எழுதப்பட்டதாகக் கருதப்படும் இந்த நூலுக்கு உலகில் வேறு பிரதி இல்லை. இதன் அருமையைப் பவுல் ஏவல்ட் 1886இல் எடுத்துக்காட்டினார். காஸ்கே 1904இல் முழுதாக அச்சிட்டார். பெர்ட்ரம் கோல்கிரேவ் 1968இல் மொழிபெயர்ப்போடு பதிப்பித்தார். கிரெகரி வரலாறுகளில் கிடைப்பவற்றுள் இதுவே மூத்தது. கிறித்தவரல்லாத ரோமப் பேரரசர் திராஜனுக்காக கிரெகரி அழுதார், அந்தக் கண்ணீரே அரசரின் ஆன்மாவுக்குத் திருமுழுக்கானது என்ற கதை இதில்தான் முதலில் வருகிறது. அதே கதை பின்னாளில் தாந்தேயின் காவியத்தில் இடம்பெற்றது.

இரண்டாவது, சுவடி எண் 254. வரலாற்றாசிரியரும் துறவியுமான பீட் 735இல் இறந்தபோது அருகில் இருந்த மாணவர் கத்பர்ட், அந்த இறுதி நாட்களை ஒரு கடிதத்தில் விவரித்தார். இலத்தீன் கடிதத்தின் நடுவே ஐந்தடிப் பழைய ஆங்கிலப் பாடல் ஒன்று இருக்கிறது. கிடைக்கும் பிரதிகளில் மிகப் பழையது 9ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த சென் காலன் பிரதிதான். பாடல் பீட்டின் சொந்த வட்டாரமான நார்தம்பிரிய வழக்கில் அதில் பதிவாகியுள்ளது. இங்கிலாந்தில் மிஞ்சிய பிரதிகளோ பல நூற்றாண்டு பிந்தியவை. அவற்றில் பாடல் தெற்கத்திய மேற்கு சாக்சன் வழக்குக்கு மாறிவிட்டது. தகடூர் யாத்திரை தொலைந்த பிறகும் அதன் சில பாடல்கள் உரை மேற்கோள்களாலும் புறத்திரட்டாலும் நமக்குக் கிடைத்ததை அறிந்த தமிழ் வாசகருக்கு இந்த நிலை புதிதல்ல.

மூன்றாவது சான்று அரும்பதவுரைகள். 800ஆம் ஆண்டை ஒட்டிச் சென் காலனில் படியெடுக்கப்பட்டு, இன்று நெதர்லாந்தின் லைடன் பல்கலைக்கழகத்தில் உள்ள ஒரு தொகுப்பு, விவிலியத்துக்கும் திருச்சபை நூல்களுக்கும் 48 பகுதிகளாக அருஞ்சொற்பொருள் தருகிறது. பெரும்பாலும் இலத்தீனுக்கு இலத்தீன் விளக்கம். இடையிடையே சுமார் 250 சொற்களுக்குப் பழைய ஆங்கிலத்திலோ அதை ஒட்டிய ஜெர்மானிய வடிவத்திலோ பொருள். இதன் உறவுச் சுவடி நூலகத்திலேயே உள்ள எண் 913. பக்கம் ஏறத்தாழ 9 சென்டிமீட்டர்தான், உள்ளங்கையில் அடங்கும். அதன் முதன்மைப் பகுதி திவாகர நிகண்டைப் போலப் பொருள்வகையால் அடுக்கிய இலத்தீன்–பழைய ஜெர்மன் சொற்பட்டியல். வேறு பகுதியில் விவிலிய அரும்பதங்கள் உள்ளன.

நான்காவது, ரூன் எனப்படும் பழைய ஜெர்மானிய எழுத்துகளின் பட்டியல்கள். எண் 270, 878 ஆகிய சுவடிகளில் ரூன் எழுத்துகள் வரிசையாகக் குறிக்கப்பட்டுள்ளன. இரண்டாவதில் ஆங்கிலோ-சாக்சன் வரிசையும், வடநாட்டு ரூன்களை விளக்கும் ஒரு செய்யுளும் ஒரே பக்கத்தில் உள்ளன. மங்கிய எழுத்தைத் தெளிவாக்க 19ஆம் நூற்றாண்டில் பூசிய இரசாயனம் அந்தச் செய்யுளைக் கெடுத்துவிட்டது. வில்ஹெல்ம் கிரிம் 1828இல் வெளியிட்ட வரைபடத்தைக் கொண்டே இன்று அதைப் படிக்கிறார்கள்.

முதல் விடை: அயர்லாந்துத் துறவிகள்

மடத்து மரபு மிக எளிய விடையைத் தந்தது: தீவுகளிலிருந்து வந்ததெல்லாம் காலுஸும் அவர் வழிவந்த அயர்லாந்துத் துறவிகளும் கொண்டுவந்தவை. எண் 913 சுவடியைக் காலுஸே வைத்திருந்த சொற்கையேடு என்றுகூட நெடுங்காலம் நம்பினார்கள். இந்த மரபுக்கு ஓர் ஆவணத் துணையும் உண்டு. 9ஆம் நூற்றாண்டு நூற்பட்டியலில் (சுவடி எண் 728) அயர்லாந்து எழுத்தில் எழுதப்பட்டவை என்ற தலைப்பில் சுமார் 30 நூல்கள் தனியே குறிக்கப்பட்டுள்ளன. 20ஆம் நூற்றாண்டில் நூலகர் யோஹன்னஸ் டூஃப்ட் அயர்லாந்துத் தொடர்பை விரிவாக ஆராய்ந்து, பீட்டர் மையருடன் சேர்ந்து அயர்லாந்துச் சிற்றோவியங்களைப் பதிப்பித்தார்.

இந்த விடையில் இரண்டு பலவீனங்கள் உண்டு. காலம் பொருந்தவில்லை: எண் 913 ஏறத்தாழ 790ஐச் சேர்ந்தது, காலுஸ் அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே மறைந்தவர். எழுத்துமுறையும் போதிய சான்றாகாது. அயர்லாந்தவரும் ஆங்கிலோ-சாக்சன்களும் பயன்படுத்தியது ஒரே குடும்பத்து எழுத்து; ஐரோப்பிய நிலப்பகுதியில் பயிற்சி பெற்ற மூன்றாமவரும் அதை எழுத முடியும். 9ஆம் நூற்றாண்டுப் பட்டியல்காரர் கண்ணுக்கு அயல் எழுத்தாகத் தெரிந்ததையெல்லாம் ஒரே தலைப்பில் சேர்த்தாரா என்பது தீராத ஐயம். மேலும், காலுஸ் உண்மையில் அயர்லாந்துக்காரர்தானா என்றே சில வரலாற்றாசிரியர்கள் கேட்டிருக்கிறார்கள்.

இரண்டாம் விடை: ஆங்கிலோ-சாக்சன் சமயப் பணி

20ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் கவனம் இங்கிலாந்தின் பக்கம் திரும்பியது. கேயோர்க் பேசெக்கே 1933இல் வெளியிட்ட நூலில், எண் 913இன் சொற்பட்டியலை ஆங்கிலோ-சாக்சன் சமயப் பணியின் பயன்பாட்டு நூலாகப் படித்தார். சிறிய அளவு, அன்றாடச் சொற்கள், இருமொழி அமைப்பு எல்லாம் ஊர் ஊராகப் போதித்தவருக்குப் பொருந்துவன. பெரிய சித்திரத்தை வில்ஹெல்ம் லெவிசன் தந்தார். நாஜி ஜெர்மனியிலிருந்து வெளியேறி 1939இல் டரமில் அடைக்கலம் பெற்ற அவர், 1943இல் ஆக்ஸ்ஃபோர்டில் நிகழ்த்திய பொழிவுகள் 1946இல் நூலாயின. 690இல் கடல் கடந்த வில்லிபிரார்ட் முதல், 754இல் கொல்லப்பட்ட போனிஃபாஸ் வரை, ஆங்கிலத் துறவிகள் ஐரோப்பியத் திருச்சபையை எவ்வாறு ஒழுங்குபடுத்தினர் என்பதை அவர் ஆவண ஆவணமாகக் காட்டினார்.

இந்த வழியில் புத்தகங்கள் பயணம் செய்ததற்கு உறுதியான சான்று உண்டு. போனிஃபாஸ் பீட்டின் நூல்களை அனுப்பக் கேட்டு இங்கிலாந்துக்கு எழுதிய கடிதங்கள் உள்ளன. 764இல் வேர்மவுத்–ஜாரோ மடத்தலைவர் கத்பர்ட், போனிஃபாஸின் வாரிசான லுல்லுக்கு எழுதிய கடிதத்தில், கொடுங்குளிரால் படியெடுப்பவரின் கை ஓடவில்லை, அதனால் கேட்ட அளவு நூல் அனுப்ப முடியவில்லை என்று வருந்துகிறார். இவரே பீட்டின் மரணக் கடிதத்தை எழுதிய கத்பர்ட் என்று பலர் கொள்கிறார்கள். பாடலின் பிரதிகளை வகைப்படுத்திய எலியட் வான் கிர்க் டாபி (1937), ஐரோப்பிய நிலப்பகுதிப் பிரதிகள் தனிக் கிளையாக நிற்பதைக் காட்டினார். எண் 254இன் மூலம் இந்தக் கடிதத் தொடர்பு வழியே வந்திருக்கலாம் என்பது பொருந்தக்கூடிய ஊகம்.

ஆனால் சமயப் பணி எல்லாவற்றையும் விளக்குகிறது என்று சொல்ல இயலாது. போனிஃபாஸின் களம் ஹெஸ்ஸெ, துரிங்கியா, பவாரியா. சென் காலன் இருந்த அலமானிய நிலத்தில் மடங்களை நிறுவியவர்கள் ஓட்மாரும், 724இல் ரைக்கெனாவைத் தொடங்கிய பிர்மினும். எண் 913 சென் காலனில் எழுதப்பட்டதே அல்ல என்பது இன்றைய பொதுக் கருத்து. அது பின்னாளில் அங்கு வந்து சேர்ந்தது. பணியாளரின் கையேடு என்ற எண்ணத்துக்கும் தடை உண்டு. பட்டியலின் அடிப்படை, கிரேக்கம்–இலத்தீன் கற்பிக்க நெடுங்காலம் பயன்பட்ட பழைய பள்ளி நூல். ஆகவே அதைப் போதகரின் பையிலும் வைக்கலாம், ஆசிரியரின் மேசையிலும் வைக்கலாம்.

மூன்றாம் விடை: கேன்டர்பரிப் பள்ளி

வழியை விட்டுப் பிறப்பிடத்தைத் தேடியது அடுத்த தலைமுறை. 669இல் கேன்டர்பரிப் பேராயராக வந்த தியோடோர், இன்றைய துருக்கியில் உள்ள தார்சஸில் பிறந்தவர். அடுத்த ஆண்டளவில் வந்து சேர்ந்த துணைவர் ஹாட்ரியன் வட ஆப்பிரிக்கர். இருவரும் அங்கே நடத்திய பள்ளியைப் பீட் புகழ்ந்து எழுதியிருந்தாலும், பாடம் எப்படி நடந்தது என்பதைக் காட்டும் சான்று நெடுங்காலம் கிடைக்கவில்லை. பெர்ன்ஹார்ட் பிஷோஃப் 1930களில் மிலான் நகரச் சுவடி ஒன்றில் அந்தப் பள்ளியின் விவிலிய விரிவுரைக் குறிப்புகளை அடையாளம் கண்டார். மைக்கேல் லேபிட்ஜுடன் சேர்ந்து அவர் உருவாக்கிய பதிப்பு 1994இல்தான் வெளிவந்தது.

மிலான் குறிப்புகளோடு ஒப்பிட்டபோது சென் காலன் அரும்பதவுரைகள் புதுப் பொருள் பெற்றன. எண் 913இல், லேவியர் நூலில் உண்ணத்தகாதவையாகச் சொல்லப்படும் பறவைகளுள் ஒன்றை, அது கடற்காகம் என்று ஹாட்ரியன் சொல்கிறார் எனப் பெயர் குறித்தே எழுதியிருக்கிறது. அதற்குத் தந்த சொல் பழைய ஆங்கிலம். லைடன் தொகுப்பில் ஓர் இசைக்கருவியின் விளக்கத்துக்குத் தியோடோரின் பெயர் சான்றாக நிற்கிறது. ஆப்பிரிக்காவில் பிறந்தவர் எபிரேய மரபின் பறவையை இலத்தீன் பாடத்தில் ஆங்கிலச் சொல்லால் விளக்க, கேட்ட மாணவர் குறித்துக்கொண்ட வகுப்புக் குறிப்பு அது என்று லேபிட்ஜ் வாதிட்டார் (1986). எப்பினால், எர்ஃபுர்ட் நகரங்களின் பெயரால் வழங்கும் அரும்பதவுரைகளோடு லைடன் தொகுப்புக்கு இருக்கும் நெருங்கிய உறவும் இதற்கு வலுச் சேர்க்கிறது.

நான்கு விடைகளில் சான்று வலு மிகுந்தது இதுவே. இருந்தாலும் அதன் எல்லையைக் குறித்துக்கொள்ள வேண்டும். லைடன் தொகுப்பின் 48 பகுதிகளும் கேன்டர்பரி வகுப்பறையில் பிறந்தவையா, பிற இடத்துச் சேர்க்கைகளும் கலந்தனவா என்பதைப் பகுதி பகுதியாகவே தீர்க்க முடியும். தவிர, பிறப்பிடம் தெரிந்ததால் பாதை தெரிந்துவிடாது. கேன்டர்பரியில் 680களில் சொன்ன விளக்கம் 800இல் சென் காலனில் படியாவதற்குள் நூறு ஆண்டுக்கு மேல் கழிந்திருக்கிறது.

நான்காம் விடை: பல கைகளின் சங்கிலி

அண்மைக்கால ஆய்வு தனியொரு தூதரைத் தேடுவதைக் குறைத்து, மடங்களுக்கிடையே நடந்த இரவல், படியெடுப்பு, யாத்திரை ஆகியவற்றைப் பார்க்கிறது. ரூன் பட்டியல்கள் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. எண் 878, ரைக்கெனாவின் வாலாஃப்ரிட் ஸ்ட்ராபோ (இறப்பு 849) தன் வாழ்நாள் முழுதும் சேர்த்த சொந்தக் குறிப்பேடு என்று பிஷோஃப் நிறுவினார். வாலாஃப்ரிட் ஃபுல்டா மடத்தில் ஹ்ராபானுஸ் மவுருஸிடம் படித்தவர். ஹ்ராபானுஸ் யார்க் நகரத்து அல்குயினின் மாணவர். ஃபுல்டாவோ போனிஃபாஸின் ஆதரவில் 744இல் தொடங்கியது. யார்க்கிலிருந்து போடன் ஏரி வரை ஆசிரியர்–மாணவர் தொடர் இப்படிக் கண்முன் நிற்கிறது. ரூன் வரிசை இதே தொடர் வழியே வந்தது என்பதற்கு நேரடிச் சான்று இல்லை. ஆங்கில ரூன் மரபை 1954இல் முழுமையாக ஆராய்ந்த ரெனே டெரோலேயும் பல இடைநிலைப் பிரதிகளைக் கற்பித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

ரோம் யாத்திரையும் கவனத்துக்கு உரியது. போப்பிடம் பதவிச் சின்னம் பெறப் புறப்பட்ட கேன்டர்பரிப் பேராயர் எல்ஃப்சிகே 959இல் ஆல்ப்ஸ் குளிரில் உறைந்து இறந்தார். 990இல் அதே பயணத்தை முடித்த சிகெரிக்கின் தங்குமிடப் பட்டியலில் சென்மோரிஸ், வெவே, லொசான், ஓர்ப் ஆகிய சுவிஸ் ஊர்கள் வருகின்றன. ஆனால் இது பெரிய சென் பெர்னார்ட் கணவாய் வழியான மேற்குப் பாதை; சென் காலன் அதற்கு வெகு கிழக்கே இருக்கிறது. விட்பி நூலைப் பொறுத்தமட்டில் ரோம் தொடர்பை ஒதுக்கிவிட முடியாது: 870களில் ரோமில் கிரெகரியின் வரலாற்றை எழுதிய திருத்தொண்டர் ஜான், திராஜன் கதை ஆங்கிலேயரின் ஆலயங்களில் வாசிக்கப்படுவதாகக் குறிப்பிடுகிறார்.

ஆங்கிலேயர் ஒருவர் நேரே மடத்துக்கு வந்த வருகையும் பதிவாகியிருக்கிறது. மன்னர் எத்தல்ஸ்டன் கொடுத்தனுப்பிய வெள்ளியோடு ஜெர்மானிய மடங்களைச் சுற்றிவந்த வூஸ்டர் ஆயர் கேன்வால்ட், 929 அக்டோபர் 15ஆம் நாள் சென் காலனை அடைந்து நான்கு நாள் தங்கினார். மறுநாள் காலுஸ் திருவிழா. ஆலயத்துக்குள் சென்ற அவர், கொண்டுவந்த பணத்தில் ஒரு பகுதியைப் பலிபீடத்தில் வைத்தார், ஒரு பகுதியைத் துறவிகளின் தேவைக்குக் கொடுத்தார். துறவிகள் மன்னரின் பெயரையும் ஆயரின் பெயரையும் தங்கள் வேண்டுதல் பெயரேட்டில் எழுதிக்கொண்டனர். கிழக்குச் சுவிட்சர்லாந்தின் ப்ஃபேஃபெர்ஸ் மடத்துப் பெயரேட்டிலும் எத்தல்ஸ்டன் பெயர் இருக்கிறது. இவ்வளவு தெளிவான பதிவு வேறு இல்லை. ஆயினும் மேலே கண்ட சுவடிகள் அனைத்தும் இந்த வருகைக்கு முந்தியவை. நட்பு இருந்ததை இது காட்டும். நூல்கள் வந்த நாளைக் காட்டாது.

சங்கிலி விடையின் பலவீனம் அதன் நெகிழ்ச்சியே. எந்தச் சான்றையும் அதற்குள் அடக்கலாம். அதனால் அதைப் பொய்ப்பிப்பது கடினம். இடைக் கண்ணிகள் பெரும்பாலும் தொலைந்தவை. 926இல் ஹங்கேரியர் படையெடுத்தபோது சென் காலன் நூல்கள் பாதுகாப்புக்காக ரைக்கெனாவுக்கு அனுப்பப்பட்டன; திரும்பி வந்தபோது எண்ணிக்கை சரியாக இருந்தது, நூல்கள் அதே நூல்களாக இல்லை என்று மடத்து வரலாற்றாசிரியர் நான்காம் எக்கெஹார்ட் எழுதுகிறார். ஒரு சுவடி இன்று சென் காலனில் இருப்பதை மட்டும் வைத்து, அது முதலிலிருந்தே அங்கே இருந்தது என்று முடிவுகட்டக் கூடாது என்பதற்கு இந்த ஒரு வரி போதும்.

மொழிச் சான்றும் அதன் சிக்கலும்

பாதையைச் சொற்களின் வடிவத்திலிருந்தே கண்டறியலாம் என்ற நம்பிக்கை பழையது. லைடன் தொகுப்பை 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பதிப்பித்த பிளாசிடுஸ் குளோகரும் ஹெசல்ஸும் ஒவ்வொரு தாய்மொழிச் சொல்லையும் எந்த வட்டாரத்தது என்று பிரிக்க முயன்றார்கள். தடை என்னவென்றால், அன்றைய ஆங்கிலமும் அலமானியமும் நெருங்கிய உறவுமொழிகள். படியெடுத்தவர் ஆங்கிலச் சொல்லைத் தம் நாவுக்கேற்ப ஓரெழுத்து மாற்றியிருந்தால், அது கலப்பு வடிவமா, எழுத்துப் பிழையா, வேறொரு வட்டார வழக்கா என்று பிரிப்பது அரிது. சூரிச் பல்கலைக்கழகத்தின் அன்னினா சைலர் 2014இல் வெளியிட்ட நூல், பழைய ஆங்கிலம், பழைய சாக்சன், பழைய ஜெர்மன் ஆகிய மூன்றும் இலத்தீன் எழுத்தைத் தம் ஒலிகளுக்கு எப்படி வளைத்தன என்பதை ஒப்பிட்டது. எழுத்துக்கூட்டு, ஒலிப்பைப் போலவே பயிற்சியையும் காட்டும் என்பது இத்தகைய ஆய்வால் தெளிவாகிறது. ஆங்கில எழுத்துக்கூட்டு தெரிகிறது என்பதால் எழுதியவர் ஆங்கிலேயர் என்றாகாது.

விட்பி நூலின் ஆசிரியர் பற்றியும் இதுபோன்ற எச்சரிக்கை தேவை. காஸ்கே தம் தலைப்பிலேயே ஆசிரியரை ஆண் துறவி என்று எழுதிவிட்டார். விட்பி, ஹில்டா என்ற தலைவியின் கீழ் வளர்ந்த, ஆண்களும் பெண்களும் வாழ்ந்த இரட்டை மடம். எழுதியவர் கன்னியர் ஒருவராக இருக்கலாம் என்று ஆண்ட்ரூ பிரீஸ் 2012இல் வாதிட்டார். நூலுக்குள் இதைத் தீர்க்கும் குறிப்பு இல்லை. ஆண் என்ற பழைய முடிவுக்கும் சான்று இல்லை என்பதுதான் இந்த விவாதத்தின் பயன்.

மதிப்பீடு

நான்கு விடைகளையும் ஒருசேர நிறுத்திப் பார்த்தால், அவை ஒரே கேள்விக்குப் பதில் சொல்லவில்லை என்பது புலப்படும். அயர்லாந்து விடை எழுத்துமுறையைப் பற்றியது. கேன்டர்பரி விடை மூலத்தைப் பற்றியது. சமயப் பணியும் சங்கிலியும் பாதையைப் பற்றியவை. பழைய விவாதங்கள் பல இந்த மூன்றையும் ஒன்றாகக் குழப்பியதால் நீண்டன.

உறுதியென்று சொல்லத்தக்கவை: அரும்பதவுரைகளின் ஒரு பகுதி தியோடோர், ஹாட்ரியன் பள்ளியில் வேர் கொண்டது, கிரெகரி வரலாறு விட்பியில் பிறந்தது, எண் 254 பாடலின் வடக்கத்திய வடிவத்தைக் காத்தது. ஓரளவு நம்பத்தக்கவை: பீட் தொடர்பான எழுத்து சமயப் பணியாளரின் கடிதப் போக்குவரத்தோடு வந்தது, ரூன் அறிவு ஃபுல்டா, ரைக்கெனா வழியே கைமாறியது. திறந்தே இருப்பவை: விட்பி நூலின் பாதை, எண் 913 எழுதப்பட்ட இடமும் அதன் பயனும், லைடன் தொகுப்பின் அடுக்குகள், 9ஆம் நூற்றாண்டுப் பட்டியலின் 30 நூல்களில் ஆங்கிலோ-சாக்சன் கையெழுத்து எத்தனை என்ற கணக்கு.

இவற்றில் கடைசி இரண்டும் புதுச் சுவடி கிடைக்காமலே முன்னேறக்கூடியவை. ஃப்ரிபூர் பல்கலைக்கழகத்தைத் தளமாகக் கொண்டு 2005இல் தொடங்கிய ‘இ-கோடிசஸ்’ திட்டம், சென் காலன் சுவடிகளைப் படம்பிடித்துக் கட்டணமின்றி இணையத்தில் வைத்திருக்கிறது. பக்கத்தோடு பக்கம் வைத்துக் கையெழுத்தை ஒப்பிடும் வேலையை இன்று எந்த நாட்டிலிருந்தும் செய்யலாம். அதுவரை சொல்லத்தக்க முடிவு அடக்கமானது: சென் காலனுக்கு ஆங்கிலோ-சாக்சன் எழுத்து ஒரே கையால், ஒரே வழியில் வரவில்லை என்பதை இருக்கும் சான்று தாங்கும், எந்த நூல் எந்த வழியில் வந்தது என்பதை அது இன்னும் முழுதாகத் தாங்காது.